கோடு போடுகிறவனுக்கு ஒரு தீட்சை

(பழைய மாணவர் சங்கத்தின் ஒன்றுகூடல் விழாவில் ஆற்றிய உரையின் எழுத்து வடிவம். பேச்சு நடை பெரும்பாலும் அப்படியே விடப்பட்டுள்ளது.)



"சர்வேயைப் பற்றிப் பேசுங்கள், ஆனால் யாருக்கும் தூக்கம் வராமல் பேசுங்கள்" என்று விழாக் குழுவினர் எனக்கு ஒரு நிபந்தனை போட்டிருக்கிறார்கள். மதிய விருந்தில் வடை பாயசம் எல்லாம் போட்டுவிட்டு இப்படி ஒரு நிபந்தனை! நல்லவேளை, மாணவர் இலக்கிய மன்றத்துப் பிள்ளைகள் கைகொடுத்தார்கள். அவர்கள் ஒரு கற்பனை உலகத்தை உருவாக்கிக் கதை எழுதுகிறார்களாம். அந்த உலகத்தில் நாடு நாடாகப் போய் வரைபடம் வரைவதையே தொழிலாகக் கொண்ட ஒரு கூட்டம் உண்டு. "சார், அந்தக் கூட்டத்துல புதுசா ஒருத்தர் சேரணும்னா ஒரு தீட்சைச் சடங்கு வேணும். நீங்க முப்பது வருஷம் கல்லும் சங்கிலியுமா அலைஞ்சவர். அந்தச் சடங்கு எப்படி இருக்கும்னு சொல்லுங்க" என்று கேட்டார்கள்.

கேள்வி விளையாட்டாகத் தெரியலாம். யோசித்துப் பார்த்தால் அப்படி இல்லை. வைத்தியம் படிக்கிறவருக்கு ஓர் உறுதிமொழி இருக்கிறது. வக்கீலுக்குக் கறுப்பு அங்கி இருக்கிறது. ஒரு கோடு போட்டு, "இதுவரை உன்னுடையது, இதற்கப்பால் அவனுடையது" என்று சொல்லப்போகிறவனுக்கு என்ன இருக்கிறது? ஒரு செய்முறைத் தேர்வும் மதிப்பெண் பட்டியலும்தான். ஆகவே அந்தச் சடங்கை இந்த மேடையிலேயே செய்து பார்த்துவிடலாம் என்று வந்திருக்கிறேன். அந்த உலகத்துக்கு நான் பெயர் வைக்கப் போவதில்லை. அது கதை எழுதும் பிள்ளைகளின் உரிமை.

கற்பனை உலகத்துக்கும் வரைபடத்துக்கும் பழைய உறவு உண்டு. ஸ்டீவன்சனின் 'டிரெஷர் ஐலண்ட்' கதை 1881-இல் ஸ்காட்லாந்தில் ஒரு மழைக்கால விடுமுறையில் வரைந்த தீவுப் படத்திலிருந்துதான் பிறந்தது. படம் முதலில், கதை பிறகு. பதிப்பகத்துக்கு அனுப்பிய அந்தப் படம் தொலைந்துபோயிற்று. கலங்கரை விளக்கங்கள் கட்டும் பொறியாளரான தன் தந்தையின் அலுவலகத்தில் உட்கார்ந்து, கதையில் எழுதியிருந்த விவரங்களை ஒவ்வொன்றாகச் சரிபார்த்து அவர் வேறொரு படம் வரைய வேண்டியிருந்தது. இல்லாத தீவுக்கே இவ்வளவு கணக்கு! 1968-இல் 'எர்த்சீ' நாவல் வரிசையைத் தொடங்கிய உர்சுலா லெ குவின் அம்மையாரும் தீவுக் கூட்டத்தின் படத்தைத் தாமே முதலில் வரைந்துகொண்டார். டோல்கீன் கதைகளுக்கு அவருடைய மகன் கிறிஸ்டோபர் படம் வரைந்து கொடுத்தார். பொய்யான உலகத்துக்கும் மெய்யான அளவு வேண்டும். இல்லையென்றால் நாலாவது அத்தியாயத்தில் குதிரை பறக்க வேண்டியதாகிவிடும்.

சரி, சடங்குக்கு வருவோம். என் கணக்கில் ஐந்து படிகள். ஒவ்வொரு படியையும் மெய்யாக நடந்த ஒன்றிலிருந்துதான் எடுத்திருக்கிறேன்.

முதல் படி: கால்

புதிதாக வருகிறவனிடம் கருவி எதுவும் கொடுக்கக்கூடாது. ஊருக்கு வெளியே ஒரு சாலையைக் காட்டி, நடந்துவிட்டு வந்து தூரத்தைச் சொல் என்க வேண்டும். முதல் நாள் வெறுங்கையோடு. இரண்டாம் நாள் சுமையோடு. மூன்றாம் நாள் இருட்டில், ஏற்ற இறக்கத்தில். மூன்று நாளும் ஒரே எண் வர வேண்டும்.

இது நான் இட்டுக்கட்டியது அல்ல. குமாவுன் மலைப் பகுதியில் மிலாம் என்று ஒரு கிராமம். அங்கே பள்ளிக்கூட வாத்தியாராக இருந்தவர் நைன் சிங் ராவத். 1863-இல் அவரையும் உறவினர் மணி சிங்கையும் டேராடூனுக்கு அழைத்து வந்து இரண்டு ஆண்டுகள் பயிற்சி கொடுத்தார்கள். அன்றைக்குத் திபெத்துக்குள் வெள்ளைக்காரர்கள் போக முடியாது. ஆகவே மலைவாசிகளை வியாபாரி வேடத்தில் அனுப்ப ஏற்பாடு. பயிற்சியில் முக்கியமானது நடை. ஒரு மைலுக்கு இரண்டாயிரம் அடி வருகிற மாதிரி, மேடோ பள்ளமோ, ஒரே அளவில் காலெடுத்து வைக்கப் பழக்கினார்கள். கையில் ஜபமாலை. வழக்கமான 108 மணிகள் கிடையாது, 100 மணிகள்தான். நூறு அடிக்கு ஒரு மணி தள்ள வேண்டும். மாலை ஒரு சுற்று முடிந்தால் பத்தாயிரம் அடி, அதாவது ஐந்து மைல். பிரார்த்தனைச் சக்கரத்துக்குள் மந்திரம் எழுதிய தாளுக்குப் பதிலாகக் கணக்கு எழுதிய சீட்டு. பெட்டியின் கள்ள அடித்தட்டில் செக்ஸ்டண்ட். சோழிக்குள் பாதரசம். தண்ணீர் கொதிக்கும் வெப்பத்தைத் தெர்மாமீட்டரில் பார்த்து உயரத்தைக் கணக்கிடுவார்கள்.

அந்த நடையோடு நைன் சிங் 1866 ஜனவரியில் லாசாவை அடைந்தார். லாசாவின் இருப்பிடத்தையும் உயரத்தையும் கணித்தார். போய்த் திரும்பிய வழி ஏறத்தாழ 1200 மைல், சுமார் 25 லட்சம் அடிகள். பாருங்கள், 25 லட்சம் தடவை அந்த மனிதர் தன் காலுக்குத் தானே காவல் இருந்திருக்கிறார். 1877-இல் லண்டன் ராயல் ஜியாக்ரஃபிகல் சொசைட்டி அவருக்குத் தங்கப் பதக்கம் அளித்தது. பதக்கத்தை விட எனக்குப் பெரிதாகப் படுவது அந்த மாலைதான். யாரும் பார்க்காத இடத்தில், யாராலும் சரிபார்க்க முடியாத இடத்தில், ஒரு மணியைக்கூடக் கூடுதலாகத் தள்ளாத விரல்! முதல் படியில் சோதிக்க வேண்டியது அதைத்தான்.

இரண்டாம் படி: உடம்பு

புதியவனைக் கடலில் மல்லாந்து மிதக்கவிட வேண்டும். கண்ணைக் கட்டிவிட வேண்டும். அலை எந்தத் திசையிலிருந்து வருகிறது, எதில் மோதித் திரும்பி வருகிறது என்று அவன் முதுகால் சொல்ல வேண்டும்.

சிரிக்காதீங்க, இதுவும் உள்ளதுதான். பசிபிக் கடலில் மார்ஷல் தீவுகளின் கடலோடிகள் குச்சிகளைக் கட்டி, நடுவில் சிப்பிகளை வைத்து வரைபடம் செய்வார்கள். குச்சி என்பது அலை, சிப்பி என்பது தீவு. அதைப் படகில் எடுத்துப் போவதில்லை. கரையிலேயே மனப்பாடம் செய்துவிட்டு வெறுங்கையோடு கடலுக்குப் போவார்கள். வரைபடம் உடம்புக்குள் போய்விட்ட பிறகு குச்சி எதற்கு?

அதே பெருங்கடலில் சதாவல் என்று ஒரு சின்னத் தீவு. அங்கே கடல்வழி அறிந்தவர்களுக்கு மெய்யாகவே ஒரு தீட்சை உண்டு. அதற்கு 'ப்வோ' என்று பெயர். தரையில் கற்களை வட்டமாக அடுக்கி, எந்த நட்சத்திரம் எங்கே எழும், எங்கே விழும் என்று படிப்பிப்பார்கள். அந்தத் தீவின் மௌ பியாய்லக் என்ற பெரியவரைக் கைக்குழந்தையாக இருந்தபோதே அவருடைய தாத்தா இந்த வித்தைக்கென்று தேர்ந்தெடுத்து, கடலோரக் குட்டைகளில் கிடத்தி நீரின் இழுப்பைப் பழக்கினாராம். 1976-இல் ஹவாயிலிருந்து டஹிட்டி வரை, இரண்டாயிரம் மைலுக்கும் மேற்பட்ட தூரம், ஹொகுலேயா என்ற பாய்மரப் படகை திசைகாட்டியோ வரைபடமோ இல்லாமல் அவர் வழிநடத்திச் சேர்த்தார். அதுவும் அவர் அதற்குமுன் போகாத கடல்.

இதில் என் நெஞ்சைத் தொட்ட செய்தி வேறு. சதாவலில் அரை நூற்றாண்டுக்கு மேலாக ப்வோ சடங்கே நடக்கவில்லை. இளைஞர்களுக்கு ஆர்வம் குறைந்துவிட்டது. வித்தை தன்னோடு போய்விடும் என்று கண்ட மௌ, அதை வெளித்தீவுக்காரர்களான ஹவாய் இளைஞர்களுக்குச் சொல்லிக்கொடுத்தார். குலவித்தையை வெளியாருக்குக் கொடுப்பதா என்று சொந்த மக்களே மனம் கசந்தார்கள். ஆனாலும் கொடுத்தார். 2007-இல் தன் தீவிலேயே அந்தச் சடங்கை மறுபடி நடத்தி, ஐந்து ஹவாய்க்காரர்களுக்கும் தன் பக்கத்து மக்கள் சிலருக்கும் தீட்சை கொடுத்தார். 2010-இல் காலமானார். மூன்றாண்டு தாமதித்திருந்தால் என்ன ஆகியிருக்கும்? இந்த வார்த்தையைக் கொஞ்சம் மனசில் வைத்துக்கொள்ளுங்கள்.

மூன்றாம் படி: வெள்ளை

புதியவன் முன்னால் பாதி வரைந்த ஒரு படத்தை வைக்க வேண்டும். சுற்றிலும் ஆறு, மலை, ஊர். நடுவில் மட்டும் வெள்ளை. தூரிகையும் மையும் பக்கத்தில் இருக்கட்டும். ஓர் இரவு முழுக்க அவனைத் தனியே விட வேண்டும். பெரியவர்கள் நடுநடுவே வந்து ஆசை காட்டலாம். "அங்கே ஒரு மலை இருக்கணுமே, இல்லன்னா இந்த ஆறு எங்கேயிருந்து வருது?" என்று கேட்கலாம். விடியும்போது நடுவிடம் வெள்ளையாகவே இருந்தால் தேறினான்.

ஜேம்ஸ் ரென்னல் என்ற பெயரை நம்மவர்கள் பாடத்தில் படித்திருப்பீர்கள். வங்காளத்தின் முதல் சர்வேயர் ஜெனரல். சாமானியர் அல்ல. அப்பேர்ப்பட்டவர் 1798-இல் ஆப்பிரிக்கப் பயணி முங்கோ பார்க்கின் குறிப்புகளுக்காகப் படம் வரைந்தபோது, மேற்கு ஆப்பிரிக்காவின் குறுக்கே 'கோங் மலைகள்' என்று ஒரு மலைத்தொடரைப் போட்டுவிட்டார். நைஜர் ஆற்றின் போக்குக்கு அது பொருத்தமாக இருந்தது. அவ்வளவுதான், ஒருவரைப் பார்த்து ஒருவர் போட ஆரம்பித்தார்கள். ஏறத்தாழ 90 ஆண்டுகள் அந்த மலை வளர்ந்துகொண்டே இருந்தது. 1880-களின் கடைசியில் பிஞ்ஜே என்ற பிரெஞ்சு அதிகாரி நேரில் போய்ப் பார்த்தால், மலை இல்லை!

அது பழைய காலம் என்று சொல்லிவிடாதீர்கள். ஆஸ்திரேலியாவுக்குக் கிழக்கே 'சாண்டி ஐலண்ட்' என்று ஒரு தீவு வரைபடங்களில் இருந்தது, கூகுள் வரைபடத்திலும் இருந்தது. 2012 நவம்பரில் ஓர் ஆராய்ச்சிக் கப்பல் அந்த இடத்துக்குப் போனது. அங்கே ஆயிரம் மீட்டருக்கு மேல் ஆழமான கடல்தான். செயற்கைக்கோள் யுகத்திலும் ஒருவரைப் பார்த்து ஒருவர் போடும் பழக்கம் போகவில்லை. "எனக்குத் தெரியாது" என்று ஒரு படத்தில் எழுத வேண்டுமானால் அதற்கு வெள்ளைத்தாள்தான் எழுத்து. அந்த எழுத்தைப் படிக்கத் தெரிந்தவனே எங்கள் ஆள்.

நான்காம் படி: பெயர்

பெயர் தெரியாத ஓர் ஊருக்குப் புதியவனை அனுப்ப வேண்டும். அவன் அங்கே ஒரு பாட்டியிடம் போய் உட்கார்ந்து, "இந்தக் குன்றுக்கு என்ன பேர் ஆயா?" என்று கேட்டு வர வேண்டும். அவர் சொன்ன பெயரை, சொன்ன உச்சரிப்போடு எழுத வேண்டும். தானாக ஒரு பெயர் சூட்டினால் தீட்சை இல்லை.

உலகத்தின் மிக உயரமான சிகரத்துக்குச் சர்வேக்காரர்கள் வைத்த எண் 15. ராதாநாத் சிக்தர் போன்ற கணக்கர்கள் பாடுபட்ட கணக்கின்மேல், அதன் உயரம் 29,002 அடி என்று 1856-இல் அறிவிக்கப்பட்டது. 2020-இல் நேபாளமும் சீனாவும் சேர்ந்து அறிவித்த அளவு 8848.86 மீட்டர். ஒப்பிட்டுப் பாருங்கள், ஏறக்குறைய முப்பது அடிதான் வித்தியாசம். தொலைவில் நின்று பார்த்துக் கணக்குப் போட்டவர்கள்! அளவில் இப்படி நிமிர்ந்து நின்றவர்கள் பெயரில் சறுக்கினார்கள். திபெத்தியர்கள் அதைச் சோமோலுங்மா என்றே அழைத்து வந்தார்கள். ஆனால் ஓய்வுபெற்றுவிட்ட தங்கள் பழைய அதிகாரி எவரெஸ்ட்டின் பெயரை 1865-இல் நிலைநாட்டிவிட்டார்கள். இந்த நாட்டு மக்கள் வாயில் என் பெயர் நுழையாது என்று எவரெஸ்ட்டே ஆட்சேபித்தார். கேட்டால்தானே!

உலகத்தை விடுங்கள், நம் தாலுகாவுக்கு வாருங்கள். புல வரைபடத்தில் சர்வே எண் இருக்கும், உட்பிரிவு எண் இருக்கும். ஊர்க்காரரைக் கேட்டால் எண் தெரியாது. "அது ஆலமரத்துக் கொல்லை", "அது பெரியவூட்டுப் பங்கு" என்பார். இரண்டையும் தெரிந்தவன்தான் பிரச்சினை இல்லாமல் கல் நடுவான். அண்ணன் தம்பி இருவர், நடுவில் ஒரு கிணறு. வரைபடத்தில் வரப்பு ஒரு மயிரிழைக் கோடு. தரையில் அந்தக் கோட்டின் அகலமே ஒரு முழம் வரும். அந்த முழத்துக்காக இருபது வருஷம் கோர்ட்டுக்கு நடந்த குடும்பங்களை நான் பார்த்திருக்கிறேன். பென்சிலைக் கூராகச் சீவுவது எங்களுக்குத் தொழில்நுட்பம், அவர்களுக்கு வாழ்க்கை.

ஐந்தாம் படி: திரும்புதல்

புறப்பட்ட கல்லுக்கே திரும்பி வர வேண்டும். சிவில் படித்தவர்களுக்கு நான் சொல்ல வேண்டியதில்லை. டிராவர்ஸ் போட்டு ஒரு சுற்று வந்தால், கணக்குப்படி நாம் வந்து சேரும் புள்ளியும் புறப்பட்ட புள்ளியும் ஒன்றாக இருக்காது. அந்த இடைவெளிதான் முடிவுப் பிழை. பிழையே இல்லாமல் ஒருவன் வந்து நின்றால், அவன் அளந்திருக்க மாட்டான், எழுதியிருப்பான். ஆகவே புதியவன் அந்தக் கல்லின் மேல் நின்று, ஊர் கேட்க, தன் பிழை இவ்வளவு என்று எண்ணால் சொல்ல வேண்டும்.

இதற்கு முன்னோடி நம் பரங்கிமலை. 1802 ஏப்ரலில் வில்லியம் லாம்ப்டன் அங்கேதான் அடிக்கோட்டை அளக்கத் தொடங்கினார். ஏழரை மைல் தூரம். நூறடி எஃகுச் சங்கிலி. அதை மரப்பெட்டிகளில் கிடத்தி, வெயிலில் எவ்வளவு நீள்கிறது என்று தெர்மாமீட்டர் வைத்துப் பார்த்து, சுமார் நானூறு முறை எடுத்து வைத்து, 57 நாட்களில் முடித்தார். நாம் இன்று மாநகரப் பேருந்தில் அரை மணியில் கடந்துபோகிற தூரம். பிறகு முக்கோணம் முக்கோணமாகப் போய், 1804-இல் பெங்களூர் அருகே இன்னொரு கோட்டை அளந்து, தன் கணக்கைத் தானே சோதித்தார். சில அங்குலங்கள்தான் வேறுபாடு. அதையும் மறைக்காமல் பதிவு செய்தார்.

1808-இல் தஞ்சைப் பெரிய கோயிலில் அரை டன் எடையுள்ள தியோடலைட்டை மேலே ஏற்றும்போது கயிறு அறுந்து, கருவி சுவரில் மோதி நசுங்கியது. லாம்ப்டன் கூடாரத்துக்குள் போய் உட்கார்ந்து, ஆறு வாரம் தன் கையாலேயே அதை ஒக்கிட்டுச் சரிசெய்தார். 1823-இல் வேலையின் வழியிலேயே ஹிங்கன்காட் என்ற ஊரில் இறந்தார். அவரோடு சங்கிலி பிடித்த, கொடி பிடித்த, காட்டுக் காய்ச்சலில் செத்த நம் ஊர்க் கலாசிகளின் பெயர்கள் எந்தக் கல்லிலும் இல்லை. சடங்கு முடிவில் அவர்களை நினைத்து ஒரு நிமிடம் நிற்க வேண்டும் என்றும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பெரியவர்களின் பங்கு

சடங்கு இத்தோடு முடிந்ததா? இல்லை. நான் யோசித்ததில் முக்கியமான பகுதி இனிமேல்தான். இதுவரை உறுதிமொழி எடுத்தவன் புதியவன். இப்போது வட்டமாக நிற்கும் பெரியவர்கள் எடுக்க வேண்டும்.

கிந்துப் என்று ஒருவர். சிக்கிமைச் சேர்ந்தவர், எழுதப் படிக்கத் தெரியாதவர். திபெத்தின் சாங்போ ஆறுதான் இந்தியாவுக்குள் பிரம்மபுத்திராவாக வருகிறதா என்று கண்டுபிடிக்க 1880-இல் ஒரு லாமாவுக்குத் துணையாக அனுப்பப்பட்டார். ஏற்பாடு இதுதான்: அடையாளம் பொறித்த 500 மரக்கட்டைகளை, நாளைக்கு ஐம்பது வீதம், ஆற்றில் விட வேண்டும். கீழே அஸ்ஸாமில் ஆள் வைத்துப் பார்ப்பார்கள். கூட வந்த லாமா இவரை அடிமையாக விற்றுவிட்டுப் போய்விட்டார். இவர் தப்பினார், மறுபடி சிக்கினார், ஒரு மடத்தில் வேலை செய்தார். இதற்கு நடுவிலும், ஒப்புக்கொண்ட வேலையை விடவில்லை. தீர்த்த யாத்திரை என்று விடுப்புக் கேட்டுப் போய்க் கட்டைகளைத் தயார் செய்தார். இன்னொரு விடுப்பில் லாசா போய், இன்ன தேதியில் விடுகிறேன் என்று கடிதம் எழுதச் சொல்லி அனுப்பினார். சொன்னபடி பத்து நாள், நாளுக்கு ஐம்பது, ஐந்நூறு கட்டைகளையும் விட்டார்.

கீழே யாரும் பார்க்கவில்லை. கடிதம் போய்ச் சேர வேண்டிய அதிகாரி இந்தியாவை விட்டே போய்விட்டார். 1884-இல் கிந்துப் திரும்பி வந்து தான் பார்த்ததை வாய்மொழியாகச் சொன்னபோது, பெரும்பாலோர் நம்பவும் இல்லை. 1913-இல் பெய்லி, மோர்ஸ்ஹெட் என்ற இருவர் அந்தப் பள்ளத்தாக்கில் நடந்து பார்த்த பிறகுதான், அவர் சொன்னது பெரும்பாலும் சரி என்று தெரிந்தது. ஏறத்தாழ முப்பது ஆண்டுகள்!

ஆகவே பெரியவர்களின் உறுதிமொழி இது: "நீ கட்டை விடும்போது நாங்கள் கரையில் இருப்போம். போய்ப் பார்த்தவன் நீ, உன் சொல்லைக் காது கொடுத்துக் கேட்போம்." இந்த இரண்டு வரி இல்லாத தீட்சை, ஒருவனைக் காட்டுக்குள் அனுப்பிவிட்டுக் கதவைச் சாத்துவதற்குச் சமம்.

நம் கல்லூரிக்கு வருகிறேன். 1794-இல் சென்னையில் எட்டு மாணவர்களோடு ஒரு சர்வே பள்ளி தொடங்கினார்கள். அதுதான் பின்னால் கிண்டி பொறியியல் கல்லூரியாக வளர்ந்தது. இந்த நாட்டில் நம் தொழில் படிப்பே சங்கிலி பிடிப்பதில்தான் தொடங்கியது. இன்றைக்கு டோட்டல் ஸ்டேஷன் இருக்கிறது, ட்ரோன் இருக்கிறது, கைப்பேசியில் புல வரைபடம் பார்க்கலாம். எல்லாம் வரவேற்க வேண்டியதுதான். நைன் சிங் கையில் ஜி.பி.எஸ். கிடைத்திருந்தால் அவர் வேண்டாம் என்றா சொல்லியிருப்பார்? ஆனால் நம் காலத்தில் பதினைந்து நாள் நடந்த சர்வே முகாம் சுருங்கிச் சுருங்கி, இப்போது கல்லூரி மைதானத்திலேயே மூன்று நாளில் முடிந்துவிடுகிறது என்று கேள்விப்படுகிறேன். பிள்ளைகளைக் குறை சொல்லி என்ன பயன்? வெளியூர் போனால் பேருந்துக்குக் காசு வேண்டும், தங்க இடம் வேண்டும், கூட நிற்க ஆள் வேண்டும். கரையில் இருக்க வேண்டிய நாம் எங்கே இருக்கிறோம்?

சங்கத்துக்கு என் வேண்டுகோள் இதுதான். ஆண்டுதோறும் ஒரு சர்வே முகாமை நாம் ஏற்று நடத்துவோம். மலையடிவாரமாக, ஏரிக்கரையாக ஓர் ஊர். பத்து நாள். செலவு நம்முடையது. பணம் மட்டும் போதாது, நம்மில் தினம் இரண்டு பேர் அங்கே போய் நிற்க வேண்டும். ரேஞ்சிங் ராட் பிடிக்க இன்னும் நமக்குக் கை இருக்கிறது. மாணவர்கள் ஊர்ப் பெரியவர்களைக் கேட்டு வரப்புப் பெயர், ஓடைப் பெயர், குளத்துப் பெயர் எல்லாம் குறித்து, படத்தை அந்த ஊர்ப் பஞ்சாயத்திடம் கொடுத்துவிட்டு வரட்டும். தெரியாத இடத்தை வெள்ளையாக விடட்டும். கடைசி நாள் புறப்பட்ட கல்லுக்கே வந்து, தங்கள் முடிவுப் பிழையை ஊரார் முன்னிலையில் சொல்லட்டும். நாம் கைதட்டுவோம்.

இந்த வாசலில் ஒரு பெட்டி வைத்திருக்கிறார்கள். ஐந்நூறோ ஆயிரமோ, முடிந்ததைப் போடுங்கள். அதன் பக்கத்தில் ஒரு நோட்டும் இருக்கிறது. எந்த இரண்டு நாள் நீங்கள் வந்து நிற்பீர்கள் என்று அதில் எழுதுங்கள். எனக்கு அந்த நோட்டு நிரம்புவதுதான் முக்கியம். முதல் வரியில் என் பெயரை எழுதிவிட்டுத்தான் மேடையேறினேன்.